வலைக்குப் பந்து போடுகிறவன்

திறமை இருந்தால் எங்கே இருந்தாலும் ஒரு நாள் வெளியே வந்தே தீரும் என்று சொல்கிறவர்களைக் கண்டால் எனக்கு ஒரு சந்தேகம் வருகிறது. வெளியே வந்தவர்களைத் தவிர வேறு யாரையாவது இவர்கள் தேடிப் பார்த்ததுண்டா? கிணற்றில் விழுந்த நூறு பேரில் ஒருவன் கயிற்றைப் பிடித்து ஏறி வந்துவிட்டால், ‘பாருங்கள், கிணறு நல்ல கிணறுதான்’ என்று சொல்வதற்கும் இவர்கள் பேச்சுக்கும் என்ன வித்தியாசம்?

நடராஜன் விஷயத்தைத்தான் சொல்கிறேன். சேலம் ஜில்லா சின்னப்பம்பட்டியில் பிறந்து, 2020 டிசம்பரில் ஆஸ்திரேலியாவில் இந்தியாவுக்காகப் பந்து வீசினாரே, அந்தத் தங்கராசு நடராஜன். எங்கள் தர்மபுரி 1965 அக்டோபர் 2-ஆம் தேதி தனி ஜில்லாவாகிற வரையில் சேலத்தோடு ஒன்றாய் இருந்தது. ஆகவே அவரை எங்கள் பிள்ளை என்று சொல்லிக்கொள்ள எங்களுக்கும் கொஞ்சம் பாத்தியதை உண்டு. அந்தப் பாத்தியதையில்தான் பேசுகிறேன்.

அவருடைய கதையைப் பத்திரிகைக்காரர்கள் எழுதியிருக்கும் விதம் உங்களுக்குத் தெரியும். தகப்பனார் தறிக் கூலி, தாயார் சாலையோரக் கடை, ஐந்து குழந்தைகளில் மூத்தவர், போட்டுக்கொள்ள நல்ல பூட்ஸ் இல்லை, ஆனாலும் உழைத்தார், உயர்ந்தார். பிள்ளைகளே, நீங்களும் உழையுங்கள்! இந்தக் கதையைப் படித்துவிட்டுச் சென்னையிலிருந்து என் நண்பர் ஒருவர் கண்ணில் நீர் வந்துவிட்டதென்று எழுதியிருந்தார். எனக்கு வந்தது கோபம். கண்ணீர் விடுவதற்குச் செலவில்லை. பூட்ஸ் ஏன் இல்லை என்று கேட்டால்தான் சங்கடம்.

உழைத்ததனால் மட்டும் அவர் வந்துவிடவில்லை. ஜெயப்பிரகாஷ் என்று அதே ஊர்க்காரர் ஒருவர், பையனின் கையைப் பார்த்துவிட்டு, வேலை வெட்டியை விட்டு அலைந்து, பட்டணத்துக்கு அழைத்துக்கொண்டு போய் லீக் ஆட்டத்தில் சேர்த்துவிட்டார். நடராஜன் தம் சட்டையின் முதுகில் ‘ஜே.பி. நட்டு’ என்று போட்டுக்கொண்டாரே, அந்த ஜே.பி. இவர்தான். பெரிய கிரிக்கெட் நிர்வாகத்துக்கு அந்த ஊர் எந்தத் திசை என்றுகூடத் தெரியாத காலத்தில், நிர்வாகம் செய்ய வேண்டிய வேலையை ஒரு தனி மனிதர் தம் கைப்பணத்தில் செய்தார். ஜெயப்பிரகாஷ் அந்த ஊரில் பிறக்காமல் பக்கத்து ஊரில் பிறந்திருந்தால்? திறமை தானாக வந்திருக்குமோ?

இருபது வயது வரையில் நடராஜன் ஆடியது டென்னிஸ் பந்தில். இதன் பொருள் பட்டணத்து வாசகர்களுக்கு முழுதும் புரியாது. டென்னிஸ் பந்து அறுபது கிராம்கூட இராது. தோல் பந்து நூற்றறுபது கிராம். டென்னிஸ் பந்து காற்றில் பெரிதாக வளையாது. மண் தரையில் குத்திப் போட்டால் சோம்பேறித்தனமாக எழும்பி, ‘என்னை அடி’ என்று மட்டைக்காரனிடம் போய் நிற்கும். எங்கள் ஏரி மைதானங்களில் எல்லைக்கோடும் கிட்டத்தில்தான். அங்கே பந்து வீசுகிறவன் பிழைக்க ஒரே இடம் உண்டு: மட்டைக்காரனின் கால் கட்டைவிரல். அதைத்தான் யார்க்கர் என்று பெயர் சூட்டி அதிசயிக்கிறார்கள். 2020 நவம்பரில் அபுதாபியில் டிவில்லியர்ஸின் ஸ்டம்பைச் சாய்த்த பந்து எந்தப் பயிற்சிக் கூடத்திலும் தயாரானதல்ல. அடி வாங்காமல் தப்பிக்கப் பார்த்த ஒரு கிராமத்துப் பையனின் தந்திரம் அது.

சரி, அதற்கு விலை என்ன? வாத்தியார் இல்லாமல் பழகிய கை, லேசான பந்தில் முறுக்கேறிய கை, திடீரென்று மூன்று பங்கு கனமான பந்தைப் பிடிக்கிறது. 2015 ஜனவரியில் கல்கத்தா ஈடன் தோட்டத்தில் தமிழ்நாட்டுக்காக முதல் ரஞ்சி ஆட்டம் ஆடினார். ஆடி முடித்ததும், பந்து வீசும் முறை சந்தேகத்துக்குரியது என்று புகார் வந்தது. முழங்கை பதினைந்து டிகிரிக்கு மேல் நிமிரக் கூடாது என்பது சட்டம். சட்டம் நியாயமானதுதான், நான் மறுக்கவில்லை. ஆனால் பட்டணத்துப் பிள்ளையாக இருந்தால் பன்னிரண்டு வயதில் ஒரு பயிற்சியாளர் அந்த முழங்கையைத் தட்டிச் சரி செய்திருப்பார். இவருக்கு இருபத்து மூன்று வயதில், ஊரறிய, பெயர் கெட்ட பிறகு அது நடந்தது. மறுபடி அகரத்திலிருந்து வீசக் கற்றுக்கொண்டார். சுனில் சுப்பிரமணியம், திவாகர் வாசு, வெங்கடரமணா போன்றவர்கள் அப்போது கை கொடுத்தார்கள், அவர்களுக்கு வந்தனம். 2016-ல் தொடங்கிய தமிழ்நாடு பிரிமியர் லீக்கில் திண்டுக்கல் அணிக்கு ஆடிப் பெயரெடுத்தார். மறு ஆண்டு ஐ.பி.எல். ஏலத்தில் பத்து லட்சத்தில் கேட்க ஆரம்பித்து மூன்று கோடிக்குப் பஞ்சாப் அணி எடுத்துக்கொண்டது.

ஏலம்! இந்த வார்த்தையைக் கேட்டு நமக்கு உடம்பு கூசுவதில்லை. புளி மண்டியிலும் மாட்டுச் சந்தையிலும் கேட்டுப் பழகிய வார்த்தையை மனிதருக்கும் சொல்லிப் பழகிவிட்டோம். பணம் கொட்டுகிறதே, உமக்கென்ன வயிற்றெரிச்சல் என்பீர்கள். பணத்தைப் பற்றி நான் பேசவில்லை. ஆட்டக்காரர் தம் பெயரையும் குறைந்தபட்ச விலையையும் எழுதிக் கொடுக்கலாம். எந்த ஊருக்கு ஆடுவது என்று சொல்ல அவருக்கு வாயில்லை. எடுத்துக்கொண்டவர்கள் ஆட விடாமல் உட்கார வைத்தாலும் கேட்க வாயில்லை. 2018-ல் ஐதராபாத் அணி நாற்பது லட்சத்துக்கு எடுத்து, அந்த ஆண்டும் அதற்கடுத்த ஆண்டும் ஓர் ஆட்டத்தில்கூட இறக்கவில்லை. 2024 நவம்பரில் ஜெட்டாவில் நடந்த ஏலத்தில் டில்லி அணி பத்தேமுக்கால் கோடி கொடுத்தது. 2025-ல் ஆடக் கிடைத்தது இரண்டே ஆட்டம். பந்து வீசுகிறவரின் ஆயுள் சொற்பம். ஒவ்வொரு முறை முன் காலை ஊன்றும்போதும் உடல் எடையைப் போலப் பல மடங்கு பாரம் அந்த முழங்காலில் இறங்குகிறது. நடராஜனின் முழங்காலுக்கு 2021-லேயே சத்திர சிகிச்சை நடந்துவிட்டது. அப்படிப்பட்ட ஒருவருக்கு ஓர் ஆண்டு என்பது ஓர் ஆண்டல்ல.

அமெரிக்காவில் பேஸ்பால் என்று ஓர் ஆட்டம். அங்கே பந்து எறிகிறவரைப் பிட்சர் என்கிறார்கள். அவருடைய முழங்கை நம்மவர் முழங்காலைப் போல. அறுந்துபோன முழங்கை நாரைச் சீராக்கும் சிகிச்சைக்கே 1974-ல் அதைச் செய்துகொண்ட டாமி ஜான் என்ற பிட்சரின் பெயரைத்தான் வைத்திருக்கிறார்கள். அந்த ஆட்டத்தில் ஒரு பழைய விதி இருந்தது. ஒரு கம்பெனியில் ஒரு தரம் கையெழுத்துப் போட்டவனை, அந்தக் கம்பெனி தன் இஷ்டப்படி வருஷா வருஷம் ஒப்பந்தத்தைப் புதுப்பித்துத் தன்னிடமே வைத்துக்கொள்ளலாம். கிட்டத்தட்ட பண்ணையாள் முறை. இதை உடைத்தவர்கள் யார் தெரியுமா? இரண்டு பிட்சர்கள்: மெஸ்ஸர்ஸ்மித், மக்னாலி. 1975 முழுவதும் கையெழுத்துப் போடாமலே ஒப்பேற்றி, ஆண்டு முடிந்ததும் நாங்கள் சுதந்திர மனிதர்கள் என்றார்கள். வழக்கு மத்தியஸ்தரிடம் போயிற்று. டிசம்பர் 23-ஆம் தேதி அவர்கள் பக்கம் தீர்ப்பாயிற்று. அவர்கள் முதுகுக்குப் பின்னால் ஒரு சங்கம் இருந்தது. மார்வின் மில்லர் என்று, எஃகுத் தொழிலாளர் சங்கத்திலிருந்து வந்த மனிதர் 1966 முதல் அதை நடத்தினார்.

நம் நாட்டில்? 2019-ல் ஒரு கிரிக்கெட் வீரர் சங்கம் ஏற்பட்டது. ஓய்வு பெற்றவர்களுக்கு! ஆடுகிறவர்களுக்கென்று சங்கம் கிடையாது. ஏலத்தில் எடுத்த பிறகு தக்க காரணமில்லாமல் வராமலிருந்தால் இரண்டு ஆண்டு தடை என்று மட்டும் விதி உண்டு. எடுத்த பிறகு தக்க காரணமில்லாமல் ஆட விடாதவர்களுக்கு என்ன தடை? அதை யாரும் எழுதவில்லை.

ஆஸ்திரேலியப் பயணத்துக்கு நடராஜனை முதலில் எப்படித் தேர்ந்தெடுத்தார்கள் என்பதையும் மறந்துவிடக் கூடாது. அணியில் ஒருவராக அல்ல. வலைப் பயிற்சியில் மற்றவர்கள் அடித்துப் பழகப் பந்து போடுகிறவராக. அவரவர் காயத்தினால் விலக விலக, ஒவ்வொரு படியாக ஏறினார். டிசம்பர் 2-ஆம் தேதி கான்பெராவில் ஒருநாள் ஆட்டம். இரண்டு நாள் கழித்து அதே ஊரில் இருபது ஓவர் ஆட்டம், மூன்று விக்கெட். 2021 ஜனவரியில் பிரிஸ்பேனில் டெஸ்ட், முதல் இன்னிங்ஸில் மூன்று விக்கெட். ஒரே பயணத்தில் மூன்று வகை ஆட்டத்திலும் முதன்முதல் ஆடிய இந்தியர் அவர்தான். இதற்கிடையே ஐ.பி.எல். முடியும் தறுவாயில் அவருக்குப் பெண் குழந்தை பிறந்திருந்தது. குழந்தை முகத்தைப் பார்க்காமலே அங்கிருந்து ஆஸ்திரேலியாவுக்குப் போனவர், ஜனவரி கடைசியில்தான் ஊர் திரும்பினார். அதே பயணத்தில் அணித் தலைவர் முதல் டெஸ்ட் முடிந்ததும் தம் குழந்தை பிறக்கப்போகிறதென்று ஊருக்குத் திரும்பினார். அதில் தவறேயில்லை, தகப்பன் போகத்தான் வேண்டும். ஆனால் ஒருவருக்கு ஒரு நியாயம், இன்னொருவருக்கு ஒரு நியாயமா என்று கவாஸ்கர் தம் பத்தியில் எழுதிவிட்டார். பெரிய மனிதர் எழுதியதால் இரண்டு நாள் பேசினார்கள். அப்புறம் மறந்தார்கள்.

இது புதிய வழக்கமும் அல்ல. பல்வங்கர் பாலு என்றொருவர் இருந்தார், 1876-ல் பிறந்தவர். தீண்டத்தகாதவர் என்று ஒதுக்கப்பட்ட ஜாதி. புனாவில் வெள்ளைக்காரர் கிளப்பில் சொற்பச் சம்பளத்துக்கு ஆடுகளத்தை உருட்டினார், வலை கட்டினார், துரைமார்கள் அடித்துப் பழக மணிக்கணக்காகப் பந்து போட்டார். அவர் கையில் மட்டையைக் கொடுக்க அவர்களுக்கு மனம் வரவில்லை. மட்டை எஜமானுடையது, பந்து வேலைக்காரனுடையது. பிற்பாடு ஹிந்து அணி அவரைச் சேர்த்துக்கொண்டது, ஜெயிக்க வேண்டுமே! சேர்த்துக்கொண்டு, தேநீரை மட்டும் பந்தலுக்கு வெளியே தனி மண் குவளையில் கொடுத்தது. 1911-ல் பாட்டியாலா மகாராஜா தலைமையில் இங்கிலாந்து போய் நூறு விக்கெட்டுக்கு மேல் சாய்த்துவிட்டு வந்தார். தலைமைப் பதவி மட்டும் அவருக்குக் கடைசி வரை கிடைக்கவில்லை. மண் குவளை போய்விட்டது என்று சந்தோஷப்படலாம். வலைக்குப் பந்து போடுகிறவன் எந்த மாதிரி வீட்டிலிருந்து வருகிறான் என்பது அவ்வளவாக மாறவில்லை.

இப்போது எங்கள் ஊருக்கு வாருங்கள். பாலக்கோடு போகும் வழியில், தண்ணீர் வற்றிய ஏரியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை நின்று வேடிக்கை பார்த்தேன். ஒல்லியாக ஒரு பையன், இடது கை. தேய்ந்துபோன ரப்பர் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டு வெறுங்காலோடு ஓடி வந்து போட்டான். ஆறு பந்தில் நாலு பந்து கட்டைவிரலில் போய் விழுந்தது. ஆட்டம் முடிந்ததும் பேச்சுக் கொடுத்தேன்.

“தோல் பந்தில் போட்டதுண்டா, தம்பி?”

“இல்லீங்க சார். ஒரு பந்து வாங்கற காசுக்கு எங்க டீமுக்கே மாசம் பூரா டென்னிஸ் பால் வாங்கலாமுங்க. அதுவுமில்லாம இந்தக் கட்டாந்தரையில போட்டா ஒரே நாள்ல நார் நாராக் கிழிஞ்சுடும்.”

“யாராவது சொல்லித் தருகிறார்களா?”

“செல்போன்ல பாத்துக்குவேன் சார். நாளைக்கு விடியக்காலம் பெங்களூர் வண்டி ஏறணும். சென்ட்ரிங் வேலை. இனி பண்டிகைக்குத்தான் வருவேன்.”

சிரித்தான். பல்லில் பழுப்புக் கறை. அந்தக் கறைக்கு வெற்றிலை காரணமல்ல. எங்கள் பக்கத்து நிலத்தடி நீரில் புளோரைடு அதிகம். லிட்டருக்கு ஒன்றரை மில்லிகிராமுக்கு மேல் கூடாது என்பது உலக சுகாதார நிறுவனத்தின் கணக்கு; அதைத் தாண்டிய கிணறுகள் இங்கே ஏராளம். முதலில் பல்லில் தெரியும். நாள்பட்டால் எலும்பில் இறங்கி, மூட்டுகள் இறுகிக் குனியவும் நிமிரவும் முடியாமல் போகும். ஜப்பானியர் கடன் கொடுத்து, ஒகேனக்கல் காவிரி நீரைக் குழாயில் கொண்டு வந்து 2013-ல் திறந்தார்கள். நல்ல காரியம். ஆனால் அதற்கு முன் எத்தனை தலைமுறை அந்தக் கிணற்றுத் தண்ணீரைக் குடித்தது! வேகப்பந்து வீச்சு என்பது எலும்பும் மூட்டும் செய்கிற தொழில். எலும்புக்கு விஷமில்லாத தண்ணீரையே இவ்வளவு தாமதமாகக் கொடுத்துவிட்டுத் திறமை தானாக வரும் என்று திண்ணையில் சாய்ந்து உட்காருவது எவ்வளவு சௌகரியம்!

பணம் இல்லை என்று மட்டும் யாரும் சொல்ல வேண்டாம். 2023 முதல் 2027 வரை ஐந்து ஆண்டு ஐ.பி.எல். ஆட்டங்களை ஒளிபரப்பும் உரிமை நாற்பத்தெட்டாயிரத்து முந்நூற்றுத் தொண்ணூறு கோடி ரூபாய்க்குப் போயிற்று. அவ்வளவு பணம் வருகிற இடத்தில், சின்னப்பம்பட்டியில் மைதானம் கட்டியது யார்? நடராஜன்! 2023 ஜூனில் அதைத் தினேஷ் கார்த்திக் வந்து திறந்து வைத்தார். கூலிக்காரர் பிள்ளை, முழங்காலைப் பணயம் வைத்துச் சம்பாதித்த காசில், தம் ஊர்ப் பிள்ளைகளுக்கு ஆடுகளம் போட்டுக் கொடுக்கிறார். இதையும் என் சென்னை நண்பர் நெகிழ்ச்சியான செய்தி என்று வெட்டி அனுப்பியிருந்தார். எனக்கு அது ஒரு குற்றப்பத்திரிகையாகத்தான் தெரிந்தது.

அவருக்குப் பதில் எழுதியிருக்கிறேன். தொப்பூர்க் கணவாய்க்கு இந்தப் பக்கம் பென்னாகரம், அரூர், பாப்பிரெட்டிப்பட்டி, பாலக்கோடு என்று தாலுகாக்கள் இருக்கின்றன. தாலுகாவுக்கு ஒரு சமதளமான திடல், அதில் பாய் விரித்த ஓர் ஆடுகளம், உருட்ட ஒரு ரோலர், ஒரு மூட்டை தோல் பந்து, பன்னிரண்டு வயதுப் பையனின் முழங்கையைப் பார்க்கத் தெரிந்த ஒரு சம்பளக்காரப் பயிற்சியாளர். இவற்றுக்காகச் சென்னையில் யாரைப் பார்க்க வேண்டும், எந்த வாசலில் எத்தனை நாள் நிற்க வேண்டும் என்று விசாரித்து எழுதும்படி கேட்டிருக்கிறேன். கடிதம் போட்டு மூன்று வாரம் ஆகிறது.