ஐந்து விரலையும் விரிச்சு வாங்கணும்!

இன்டர்னல் கன்ட்ரோல்னு சொன்னதுமே பாதிப் பேருக்குக் கொட்டாவி வந்துடும். மீதிப் பேருக்குக் கோபம் வரும். "என்ன, என் மேலயே சந்தேகமா?" இந்தக் கேள்விதான் நம்ம ஊர்ல பல சங்கங்களையும் கம்பெனிகளையும் குடும்பங்களையும் கவுத்திருக்குங்கறது என் கட்சி.

மாமல்லபுரம் வர்றவங்க கடற்கரைக் கோயிலைப் பாத்துட்டு, மீன் வறுவல் சாப்பிட்டுட்டு, அப்படியே ஈசிஆர்ல திரும்பிடறாங்க. செங்கல்பட்டு வழியா உத்திரமேரூருக்கும் ஒரு நடை போயிட்டு வரலாம். அங்க வைகுண்டப் பெருமாள் கோயில் சுவர்ல முதலாம் பராந்தக சோழன் காலத்துக் கல்வெட்டுகள் இருக்கு (கி.பி. 919, 921). குடவோலைத் தேர்தல்னு பள்ளிக்கூடத்துல படிச்சோமே, அதேதான். ஜனநாயகத்தின் முன்னோடின்னு மேடைக்கு மேடை பேசறாங்க. ஆனா நிலமும் வேதப் படிப்பும் உள்ள ஆண்கள் மட்டும்தான் அதுல நிக்க முடியும். உழுதவனுக்கும் பெண்களுக்கும் இடமில்லை. அதனால நான் அதை ஜனநாயகத்துக்காகப் படிக்கறதில்லை, கணக்கு வழக்குக்காகப் படிக்கறேன். அந்த விஷயத்துல அவங்க கில்லாடிங்க.

வாரியத்துல இருந்துட்டுக் கணக்குக் காட்டாதவன் மறுபடி நிக்க முடியாது. அவனோட அப்பா, பிள்ளை, மாமனார், மச்சான், மருமகன், அத்தை பிள்ளை, சித்தி பிள்ளைன்னு ஒருத்தரும் நிக்க முடியாது! முந்தின மூணு வருஷத்துக்குள்ள வாரியத்துல இருந்தவனுக்கும் ஓலை கிடையாது. பதவிக்காலம் 360 நாள். கணக்கு எழுதினவன், தான் எழுதின கணக்கைத் தானே ஒப்படைச்சு, யோக்கியன்னு பேர் வாங்கினாத்தான் மறுபடியும் எழுத வரலாம். அவன் கணக்கை இன்னொருத்தன் வந்து முடிச்சு வைக்கக் கூடாது.

எனக்கு ரொம்பப் பிடிச்சது குலுக்கல்தான். ஓலையை எடுக்கறது, உள்ள என்ன இருக்குன்னு தெரியாத ஒரு சின்னப் பையன். அதை வாங்கற மத்யஸ்தன் ஐந்து விரலையும் விரிச்சு உள்ளங்கையில வாங்கணும். அவர் படிச்சதும், அங்க இருக்கற நம்பிமார் எல்லாரும் படிக்கணும். விரலை மடக்கினா ஓலை மாறிடலாம் இல்லையா? மத்யஸ்தன் கெட்டவர்னு யாரும் சொல்லலை. விரல் விரிஞ்சிருந்தா அவரைப் பத்தி யாரும் சொல்லவும் முடியாது. அதான் பாயிண்ட்.

இப்ப 2018 பிப்ரவரிக்கு வாங்க. பஞ்சாப் நேஷனல் பேங்க் விவகாரம். மும்பைக் கிளை ஒண்ணுல இருந்து உத்தரவாதக் கடிதங்கள் ஸ்விஃப்ட் வழியா வெளிநாட்டுக்குப் போயிருக்கு, பேங்க்கோட முக்கியக் கணக்கு சாஃப்ட்வேர்ல பதிவே ஆகலை. அப்ப ரெண்டும் இணைக்கப்படாம இருந்தது. முதல்ல வெளியே சொன்ன தொகையே சுமார் 11,400 கோடி ரூபாய். ஓலையை ஒருத்தரே எடுத்து ஒருத்தரே படிச்ச கதை!

அவ்வளவு தூரம் போவானேன். எனக்குத் தெரிஞ்ச ஒரு குடியிருப்புச் சங்கம். பொருளாளர் ரிட்டயர்ட் ஆள், தங்கமான மனுஷன். சந்தா வாங்கறது, ரசீது போடறது, ஜெனரேட்டருக்கு டீசல் வாங்கறது, கணக்கு எழுதறது எல்லாம் அவரே. ஆறு வருஷம் யாரும் நோட்டைப் புரட்டலை. "அவரைப் போயா கேக்கறது?"ன்னு மரியாதை. ஏழாவது வருஷம் புதுசா குடிவந்த ஒருத்தர் கேட்டார். நாப்பதாயிரத்துச் சொச்சம் இடிச்சது. அவர் எடுத்திருக்க மாட்டார்னு நான் இன்னிக்கும் நம்பறேன். ஆனா நிரூபிக்க அவர்கிட்ட ஒரு துண்டுச் சீட்டுகூட இல்லை. கைக்காசைப் போட்டுக் கட்டிட்டு, வீட்டை வித்துட்டுப் போயிட்டார். வருஷா வருஷம் நாம கேட்டிருந்தா அந்த மனுஷன் தலை நிமிர்ந்து போயிருப்பார். நம்ம மரியாதைதான் அவரைக் கெடுத்தது.

அதுக்காக பத்து ரூபா பென்சிலுக்கு ஏழு கையெழுத்து வேணும்னு சொல்லலை. அந்த மாதிரி ஆபீஸ்ல ஏழு பேரும் படிக்காமதான் போடுவாங்க, முன்னாடி போட்டவர் பாத்திருப்பார்ங்கற தைரியத்துல. உத்திரமேரூர்ல எல்லாரும் ஓலையைப் *படிக்கணும்*. வித்தியாசம் அங்கதான் இருக்கு.

சரி, வீடு? அங்க அந்த விதி அப்படியே செல்லாது. தணிக்கைக்கு யாரைக் கூப்பிட்டாலும் சொந்தக்காரர்தான் :-) அதனால ஆளுக்குப் பதிலா காகிதத்தை நம்பணும். நகைக்கடன் ரசீது, இன்ஷூரன்ஸ் பாலிசி, சீட்டுப் பணம், யாருக்குக் கைமாத்து குடுத்தோம்ங்கறது எல்லாம் ஒரு நோட்டுல இருக்கணும், ரெண்டு பேருக்குத் தெரியணும். குடும்பத் தலைவர் எல்லாத்தையும் மனசுலயே வச்சுக்கிட்டுத் திடீர்னு போயிட்டா, அந்த வீட்டம்மா பேங்க் பேங்க்கா அலையறதை நாம பாக்காததா?

ஓடிபியும் இதே கதைதான். அது பேங்க் நமக்காகப் போட்ட ரெண்டாவது பூட்டு. போன்ல கேட்டவனுக்குச் சொன்னா சாவியைக் கையில குடுத்த மாதிரி.

கடைசியா, நம்ம மனசு. பெரிய செலவுக்கு ஆசைப்படறவர், முடிவெடுக்கறவர், பணம் கட்டறவர் மூணும் ஒரே ஆளு. ஒரு ராத்திரி தள்ளிப் போடுங்க. காலையில எந்திரிக்கறவர் கொஞ்சம் வேற ஆளா இருப்பார், அவர்கிட்டயும் ஒரு கையெழுத்து வாங்கிக்குங்க.

இந்த வாரம் உங்க சங்கத்துல யாராவது கணக்கு கேட்டா கோவிச்சுக்காதீங்க. நீங்களே பொருளாளரா இருந்தா, அவங்க கேக்கறதுக்கு முன்னாடியே நோட்டை மேசை மேல வச்சிடுங்க.