மின்னூல் யாருக்குச் சொந்தம்?

விலை கொடுத்துப் புஸ்தகம் வாங்கியவன் அதற்குச் சொந்தக்காரன் ஆவானா, ஆக மாட்டானா? இது என்ன கேள்வி என்று நேயர்கள் நகைக்கக் கூடும். அச்சிட்ட புஸ்தகத்தைப் பொறுத்த வரையில் இதில் ஐயமே இல்லை. அதை நண்பனுக்கு இரவல் கொடுக்கலாம். பழைய புஸ்தகக் கடையில் விற்கலாம். பிள்ளைக்கு வைத்துவிட்டுப் போகலாம். பிரசுரகர்த்தர் குறுக்கே வர முடியாது. ஆனால் அதே நாவலை, அதே சரித்திர நூலை, மின்னூலாக விலை கொடுத்துப் பெற்றவனுக்கு இவற்றுள் ஒன்றுக்கும் பெரும்பாலும் பாத்தியதை இல்லை. 'வாங்குக' என்று மேலே எழுதியிருக்கிறது. எவரும் படியாத நீண்ட ஒப்பந்தத்தில், இது விற்பனையன்று, படிப்பதற்கு அளிக்கும் அனுமதி மாத்திரமே என்று எழுதியிருக்கிறது. வக்கீல்களே அந்த ஒப்பந்தங்களை முழுதும் படிப்பதில்லை என்பதை நாமறிவோம்.

இவ்விஷயத்தில் பழைய நியாயம் தெளிவானது. அமெரிக்காவில் ஒரு பிரசுரகர்த்தர் தமது நாவலில், ஒரு டாலருக்குக் குறைத்து விற்பது உரிமை மீறலாகும் என்று அச்சிட்டார். ஒரு பெரிய கடைக்காரர் அதை 89 ஸெண்டுக்கு விற்றார். வழக்கு அந்நாட்டின் தலைமைக் கோர்ட்டு வரை சென்று, ஒரு முறை விற்றாகிவிட்ட பிரதியின் மேல் பிரசுரகர்த்தருக்கு அதிகாரமில்லை என்று 1908-ல் தீர்ப்பாயிற்று. மறு வருஷமே அது சட்டத்திலும் ஏறியது. நூல் நிலையங்கள் புஸ்தகங்களை இரவல் கொடுப்பது அங்கே இந்த நியாயத்தின் பலத்தினால்தான். இப்போது 'விற்பனை' என்ற சொல்லை 'அனுமதி' என்று மாற்றியவுடன், அந்தப் பலம் முழுதும் கரைந்துவிட்டது. சொல் ஒன்றை மாற்றிச் சொத்தைப் பறிக்கும் வித்தை இது.

இது வெறும் சட்ட நுணுக்கமல்ல என்பதற்கு 2009-ம் வருஷம் ஜூலை மாதத்தில் நடந்ததே சான்று. அமேஸான் கம்பெனி, தனது கின்டில் கருவிகளில் ஜனங்கள் பணம் கொடுத்துச் சேர்த்து வைத்திருந்த சில நூல்களை, இருந்த இடத்திலிருந்தே அழித்துவிட்டது. அந்நூல்களை அங்கே விற்க வைத்தவருக்கு அமெரிக்காவில் உரிமையில்லை என்பது காரணம். பணத்தைத் திருப்பிக் கொடுத்தார்கள், வாஸ்தவம். ஆனால் இரவில் வீட்டிற்குள் புகுந்து அலமாரியிலிருந்து புஸ்தகத்தை எடுத்துக்கொண்டு, அதன் கிரயத்தை மேஜைமேல் வைத்துவிட்டுப் போகும் கடைக்காரனை என்னவென்று சொல்வது? அழிந்த நூல்களில் ஒன்று, பழைய பத்திரிகைகளையெல்லாம் நெருப்பிலிட்டுச் சரித்திரத்தைத் திருத்தும் ஒரு கொடிய ராஜ்யத்தைப் பற்றி ஜார்ஜ் ஆர்வெல் எழுதிய '1984' என்பதை விதியின் விளையாட்டு என்றே கொள்ள வேண்டும். கம்பெனித் தலைவர் பெஸாஸ் பகிரங்கமாக மன்னிப்புக் கேட்டார். ஆனால் மைக்ரோஸாப்ட் கம்பெனியும் 2019-ல் தனது மின்னூல் கடையையே மூடி, விற்ற நூல்கள் யாவும் ஜூலை முதல் திறவாதபடி செய்து, கிரயத்தைத் திருப்பித் தந்தது.

நூல் நிலையங்களின் கதி இன்னும் பரிதாபம். காகிதப் பிரதி கிழியும் வரை உழைக்கும். மின்னூலோ கிழியாது, ஆகவே அதைக் கிழிக்க ஒப்பந்தத்தினால் வழி செய்தார்கள்! ஹார்ப்பர் காலின்ஸ் கம்பெனி 2011-ல், ஒரு மின்னூலை 26 தடவை இரவல் கொடுத்தானபின் நூல் நிலையம் மறுபடியும் பணம் கட்ட வேண்டுமென்று விதித்தது.

இந்த நிலைமைக்கு எதிராக ஸான் பிரான்ஸிஸ்கோ நகரத்தில் 1996-ல் தோன்றிய இன்டர்நெட் ஆர்க்கைவ் என்னும் ஸ்தாபனம் ஒரு வழி கண்டது. கதை, சாஸ்திரம், சரித்திரம் என்ற பேதமில்லாமல் காகிதப் புஸ்தகங்களைச் சேர்த்து, படமெடுத்து, தன் வசமுள்ள பிரதி ஒன்றுக்கு ஒருவர் என்ற கணக்கில் இரவல் கொடுத்து வந்தது. 2020 மார்ச்சில், கொள்ளை நோயினால் நூல் நிலையங்கள் அடைபட்ட சமயம், அந்தக் கணக்கைத் தளர்த்தி, வேண்டியவர்க்கெல்லாம் கொடுத்தது. ஜூன் மாதம் நான்கு பெரிய பிரசுர ஸ்தாபனங்கள் வழக்குத் தொடுத்தன. 2023-ல் கீழ்க் கோர்ட்டும், 2024 செப்டம்பர் 4-ந் தேதி அப்பீல் கோர்ட்டும் பிரசுரகர்த்தர் பக்கமே தீர்ப்பளித்தன. ஆர்க்கைவ் லாபத்திற்காக இதைச் செய்யவில்லை என்று அப்பீல் நீதிபதிகளே ஒப்புக்கொண்டார்கள். ஒப்புக்கொண்டும், மின்னூல் அனுமதி வியாபாரத்திற்கு அதனால் நஷ்டம் என்று முடிவு செய்தார்கள். தனது இரவல் வரிசையிலிருந்து ஐந்து லக்ஷத்துக்கு மேற்பட்ட நூல்கள் விலகின என்று அந்த ஸ்தாபனம் கூறிற்று. மின்னூலாக விற்கப்படாத பழைய நூல்களுக்கு அத்தடை பொருந்தாது என்பதொன்றே ஆறுதல்.

ஆசிரியன் பிழைக்க வேண்டாமா என்று கேட்பார்கள். வேண்டும். எழுத்தை நம்பி வறுமையில் மாண்டவர்கள் தமிழ் நாட்டில் சிலரல்ல. உழைப்புக்குக் கூலி கேட்பவனைக் கள்ளன் என்று நாம் சொல்ல மாட்டோம். கொள்ளை நோய்க் காலத்தில் கணக்கைத் தளர்த்தியது விவேகமன்று என்பதும் நமது அபிப்பிராயம். எதிரிக்குக் கத்தியைத் தீட்டிக் கொடுத்த காரியம் அது. ஆனால் ஒரு பிரதிக்கு ஒரு வாசகன் என்ற பழைய நூல் நிலைய தர்மத்தையுமா குற்றமென்பது?

நமது தேசத்தின் சட்டம் எங்கே நிற்கிறது? 1957-ம் வருஷத்துச் சட்டப்படி ஆசிரியர் காலமான பிறகு 60 வருஷம் உரிமை நீடிக்கும். முன்பு 50 ஆக இருந்ததை, தாகூரின் நூல்கள் பொதுவாகும் சமயத்தில், 1992-ல் நீட்டினார்கள். இதன் பயனாக, 1970-ல் இறந்த ஒரு தமிழாசிரியரின் நூல் 2030 முடியும் வரை பூட்டியிருக்கும். அச்சிட்ட கம்பெனி மறைந்திருக்கலாம். வாரிசு யாரென்றே தெரியாமலிருக்கலாம். மறு பதிப்புமில்லை, மின்னூலுமில்லை. 1998-ல் பொங்கலன்று தொடங்கிய மதுரைத் திட்டத்தின் தொண்டர்கள், ஊதியமின்றிச் சங்க நூல் முதல் நாவல் வரை தட்டெழுதி இலவசமாக உலகிற்கு அளித்து வருகிறார்கள். அவர்களும் இந்தப் பூட்டின் முன் நின்றுவிட வேண்டியதுதான்.

சாவி இல்லாமலில்லை. உரிமையாளர் அகப்படாத நூலை வெளியிடச் சட்டத்தின் 31-ஏ பிரிவு இடம் கொடுக்கிறது. ஆனால் நூலுக்கு நூல் தனி மனு! நாட்டின் பெரும்பாகத்தில் பரவியுள்ள ஓர் ஆங்கிலத் தினசரியில் விளம்பரம் வேறு! மறைந்துபோன தமிழ் நூலின் வாரிசை ஆங்கிலப் பத்திரிகையில் தேடச் சொல்லும் புத்தியை என்னென்பது? 2012-ல் செய்த திருத்தம், லாப நோக்கமில்லாத நூல் நிலையம் தன்னிடமுள்ள நூலை மின் வடிவில் சேமித்து வைக்க இடம் தந்தது. பாதுகாப்பதற்கென்றே அது சொல்கிறது. இரவல் என்ற வார்த்தை அங்கில்லை. பாதுகாக்கலாம், படிக்கக் கொடுக்கலாமா என்பதற்கு விடையில்லை!

1949-ல் சென்னை சர்க்கார் பாரதியார் நூல்களின் உரிமையைப் பெற்று, பின்னர் ஜனங்களுக்கே பொதுவாக்கிய வழி நம்முன் இருக்கிறது. ஆனால் நூல்தோறும் சர்க்கார் பணங்கொடுப்பது நடவாத காரியம். பார்லிமெண்டு செய்யக்கூடியவை வேறு. அந்தப் பிரிவில் இரவல் என்ற ஒரு சொல்லைச் சேர்த்து, பிரதிக்கு ஒரு வாசகன் என்ற வரம்பையும் எழுதலாம். 31-ஏ பிரிவின் விளம்பரத்தை நூலின் பாஷையிலேயே செய்ய விடலாம். அனுமதியை மாத்திரம் விற்பவன் அதை மறைத்து 'வாங்குக' என்று எழுதக் கூடாதென்று கலிபோர்னியா ராஜ்யம் 2025 ஜனவரி முதல் தடுத்திருப்பதைப்போல், இங்கும் தடுக்கலாம். இவற்றில் எதற்கும் சர்க்கார் பொக்கிஷத்திலிருந்து ஒரு காசு செலவில்லை. நமது பிரதிநிதிகளில் எவர் இதற்கு மசோதா கொண்டுவரப் போகிறார்?