லைசென்சு எண் சொல்லும் சேதி

காரைக்கால் பகுதியில் உள்ள கடலோர ஊர் கருக்களாச்சேரி. மீனை ஏற்றிய வண்டி நாகூர் பக்கம் போனால், சிறிது நேரத்தில் தமிழ்நாட்டு எல்லை வந்துவிடும். வழியில் போலீசார் நிறுத்தினால் முதலில் கேட்பது லைசென்சு.

அந்த லைசென்சு எண்ணுக்கு என்ன அர்த்தம்?

முதலில் இருக்கும் "பி.ஒய்." என்ற எழுத்துகள் புதுச்சேரியைக் குறிக்கும். அடுத்த 02 காரைக்கால் போக்குவரத்து அலுவலகம். நாகப்பட்டினத்தில் எடுத்திருந்தால் "டி.என். 51" என்று இருக்கும். அதன்பின் வரும் 4 இலக்கம், லைசென்சு வழங்கிய ஆண்டு. கடைசி 7 இலக்கம் வரிசை எண்.

எந்த ஊரில் எடுத்தாலும் அது இந்தியா முழுவதும் செல்லும். எல்லை தாண்ட வேறு லைசென்சு தேவை இல்லை.

ஆனால், எந்த வண்டியை ஓட்டலாம், எந்தத் தேதி வரை செல்லும் என்பதை எண் சொல்லாது. அவை அட்டையில் தனியே அச்சாகி இருக்கும்.

தரகர் கொடுத்த அட்டையிலும் எண் சரியாகத் தோன்றலாம். அரசுப் பதிவேட்டில் அது இல்லை என்றால் அட்டைக்கு மதிப்பு இல்லை. மத்திய அரசின் "பரிவாகன்" இணையதளத்தில் எண்ணையும் பிறந்த தேதியையும் கொடுத்துப் பார்த்தால் உண்மை தெரிந்துவிடும்.

லைசென்சு இல்லாமல் ஓட்டினால், 2019-ம் ஆண்டுத் திருத்தச் சட்டப்படி 5 ஆயிரம் ரூபாய் அபராதமோ, 3 மாதம் வரை சிறையோ, இரண்டுமோ விதிக்கலாம். தெரிந்தே வண்டியைக் கொடுத்தவருக்கும் தண்டனை உண்டு. ஆகவே, பிள்ளையிடம் சாவியைக் கொடுக்குமுன் அட்டையை வாங்கிப் பார்ப்பது பெற்றோரின் கடமை.