அந்த ஒரு மதிப்பெண்ணை நான் ஏன் தரவில்லை?

முட்டை ஓடு எதனால் ஆனது? அமிலங்கள் பற்றிய பாடம் முடிந்ததும் நான் வைத்த சிறுதேர்வில் இது ஒரு மதிப்பெண் கேள்வி. வகுப்பில் பாதிக்கும் மேற்பட்டோர் எழுதிய விடை ‘கால்சியம்’. அத்தனை பேருக்கும் பூஜ்யம் போட்டேன்.

வகுப்பில் ஒரே சலசலப்பு. “பால் பெட்டியிலேயே கால்சியம் என்றுதானே போட்டிருக்கிறது, சார்?” என்று ஒரு மாணவி கேட்டாள். சக ஆசிரியர் ஒருவரும், “இவ்வளவு கறாராக இருக்க வேண்டுமா? பிள்ளைகளுக்கு விஷயம் புரிந்துதான் இருக்கிறது” என்றார். புரிந்திருக்கிறதா என்பதில்தான் எனக்குச் சந்தேகம். ஒன்றையும் ஒப்புக்கொள்கிறேன்: ஆசிரியராகச் சேர்ந்த முதல் ஆண்டில் நான் தயாரித்த பாடக் குறிப்பிலும் அதே ‘கால்சியம்’தான் இருந்தது. அன்று யாரும் என்னைக் கேட்கவில்லை.

கால்சியம் ஓர் உலோகம். புதிதாக வெட்டிய துண்டு வெள்ளிபோல் பளபளக்கும். தண்ணீரில் போட்டால் ஹைட்ரஜன் குமிழ்களை வெளியிட்டு, தண்ணீரைப் பால்போல் வெளுக்கச் செய்யும். முட்டை ஓடு அதனால் ஆனதென்றால் உங்கள் வீட்டில் முட்டை அவிக்கவே முடியாது. பானையில் போட்டதும் ஓடு நுரைத்துக் கரையும். எரியக்கூடிய வாயு அடுப்புக்கு மேலேயே கிளம்பும். அதற்கு முன், கோழி அதைத் தன் ஈரமான உடம்புக்குள் வைத்திருக்கவும் முடியாது.

ஓட்டில் இருப்பது கால்சியம் கார்பனேட். ஏறத்தாழ 95 விழுக்காடு அதுதான். மீதி கொஞ்சம் புரதம், சிறிதளவு மெக்னீசியம், பாஸ்பரஸ் சேர்மங்கள். சுண்ணாம்புக்கல், பளிங்கு, கிளிஞ்சல், பவளப்பாறை எல்லாம் இதே சேர்மம்தான். ஒரு சின்னக் கணக்குப் போடுங்கள். 60 கிராம் முட்டையில் ஓடு சுமார் 6 கிராம். கால்சியம் கார்பனேட்டின் சார்பு மூலக்கூற்று நிறை 100. அதில் கால்சியத்தின் பங்கு 40. மீதி 60 கார்பனும் ஆக்சிஜனும். ‘கால்சியம்’ என்று மட்டும் எழுதியவர் ஓட்டின் எடையில் பாதிக்கும் மேல் விட்டுவிட்டார். எப்படி மதிப்பெண் தருவது?

பால் பெட்டியில் எழுதியிருப்பது பொய்யில்லை. உடம்புக்குக் கிடைக்கும் கால்சியத்தின் எடையை அது சொல்கிறது. பாலில் அது உலோகமாக மிதக்கவில்லை. நம் பாட்டிமார் இதையே ‘சுண்ணாம்புச் சத்து’ என்பார்கள். எனக்கென்னவோ அந்தப் பழைய சொல்தான் உண்மைக்குப் பக்கத்தில் நிற்பதாகத் தோன்றுகிறது.

விட்டுப்போன அந்த 60 பங்கைக் கண்ணால் பார்க்கலாம். ஒரு கண்ணாடிக் குவளையில் பச்சை முட்டையை வைத்து, மூழ்கும்வரை வெள்ளை வினிகர் ஊற்றுங்கள். உடனே ஓடு முழுக்கக் குமிழ்கள் ஒட்டிக்கொள்ளும். அது கரியமில வாயு, கார்பனேட்டிலிருந்து வருகிறது. ஓரிரு நாளில், நடுவில் ஒருமுறை வினிகரை மாற்றினால், ஓடு முழுதும் கரைந்து, ரப்பர் பந்துபோல் ஒரு முட்டை கையில் இருக்கும். (பச்சை முட்டையைத் தொட்டபின் சோப்புப் போட்டுக் கை கழுவுங்கள். அதைச் சாப்பிடவும் வேண்டாம்.)

இப்போது அதைக் கைபேசி விளக்குக்கு முன்னால் பிடியுங்கள். பாடப்புத்தகப் படத்தில் அம்புக்குறி போட்டு நீங்கள் மனப்பாடம் செய்த பகுதிகள் தெரியும். வெள்ளைக் கருவையும் மஞ்சள் கருவையும் தாங்கி நிற்பது ஓட்டுக்கு உட்புறச் சவ்வு. உண்மையில் அவை இரண்டு சவ்வுகள். முட்டையின் அகன்ற முனையில் மட்டும் இரண்டும் பிரிந்து நிற்கும். அந்த இடைவெளிதான் காற்றறை. இட்ட முட்டை சூடு ஆறிச் சுருங்கும்போது உருவாவது அது. ஓட்டில் ஆயிரக்கணக்கான நுண்துளைகள் இருப்பதால் நாளாக ஆக ஈரம் வெளியேறி, காற்றறை பெரிதாகும். பழைய முட்டை தண்ணீரில் மிதப்பது அதனால்தான். மஞ்சள் கரு உள்ளே ஒரு பக்கம் சாயாமல் நடுவில் நிற்க, இருபுறமும் முறுக்கிய வெள்ளை நூல்கள் இழுத்துப் பிடித்திருக்கும். பலர் அதைக் குஞ்சின் தொடக்கம் என்று நினைத்து எடுத்து எறிகிறார்கள். குஞ்சு தொடங்குவது மஞ்சள் கருவின் மேலுள்ள சிறு வெண்புள்ளியில். அதுவும் கருவுற்ற முட்டையில் மட்டும்.

சரி, கோழிக்குக் கார்பனேட் எங்கிருந்து வருகிறது? கால்சியம் தீவனத்திலிருந்தும், தேவைப்பட்டால் அதன் சொந்த எலும்பிலிருந்தும் வருகிறது. கார்பனேட்டுக்கு மூலம் அதன் உடலில் உண்டாகும் கரியமில வாயு. சுமார் 20 மணி நேரம் எடுத்து, ஒரு புரத வலையின்மேல் படிகம் படிகமாக ஓட்டைக் கட்டுகிறது கோழி. நம் ஊர் வெயிலில் இதற்கு ஒரு சிக்கல் உண்டு. கோழிக்கு வியர்வைச் சுரப்பி கிடையாது. புழுங்கினால் வாயைத் திறந்து இரைக்கும். இரைக்க இரைக்க இரத்தத்திலிருந்து கரியமில வாயு வெளியேறிவிடும். ஓடு மெலிந்துபோக அது ஒரு காரணம். 1980களில் அமெரிக்க ஆய்வாளர்கள் வெப்பத்தில் வாடிய கோழிகளுக்குச் சோடாத் தண்ணீர் கொடுத்துப் பார்த்தார்கள். ஓட்டின் தரம் உயர்ந்தது! தீவனத்தில் கால்சியத்தைக் கொட்டினால் போதும் என்று நினைப்பவருக்கு இந்த யோசனை தோன்றியிருக்குமா? சிங்கப்பூரில் நாம் உண்ணும் முட்டையில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு உள்ளூர்ப் பண்ணைகளில் விளைகிறது. வெப்பமண்டலத்தில் முட்டைப் பண்ணை நடத்துவோருக்கு இது வெறும் தேர்வுக் கேள்வி அல்ல.

கரியமில வாயுவை உள்ளிழுத்துக் கல்லாகும் இந்த வித்தையைக் கோழி மட்டும் செய்யவில்லை. தேக்காவில் வெற்றிலையோடு விற்கும் சுண்ணாம்பு, கால்சியம் ஹைட்ராக்சைடு. திறந்து வைத்தால் காற்றிலுள்ள கரியமில வாயுவை ஏற்று, மெல்ல மெல்லக் கால்சியம் கார்பனேட்டாக இறுகிவிடும். லிட்டில் இந்தியாவில் ரயிலேறி, தோபி காட்டில் மாறினால் அடுத்த நிறுத்தம் சிட்டி ஹால். அங்கே செயின்ட் ஆண்ட்ரூஸ் தேவாலயம் நிற்கிறது. 1856க்கும் 1861க்கும் இடையே இந்தியாவிலிருந்து நாடு கடத்தப்பட்ட கைதிகளின் உழைப்பில் எழுந்த கட்டடம். அதன் சுவருக்குப் பூசியது ‘மெட்ராஸ் சுனம்’, நம் சுண்ணாம்புதான். கைதிகளுக்குப் பொறுப்பாக இருந்த மேஜர் மெக்நேர் 1899இல் வெளியிட்ட நூலில் செய்முறை இருக்கிறது: மணல் கலக்காத கிளிஞ்சல் சுண்ணாம்பு, முட்டையின் வெள்ளைக் கரு, வெல்லம், தேங்காய் மட்டை ஊறிய தண்ணீர். பூசிக் காய்ந்தபின் கல்லால் தேய்த்து மெருகேற்றினார்கள். செட்டிநாட்டு வீட்டுச் சுவர்களுக்கும் முட்டை கலந்த சுண்ணாம்புப் பூச்சு உண்டு.

யோசித்துப் பாருங்கள். ஓட்டை உடைத்து வெள்ளைக் கருவை எடுத்து, சுண்ணாம்பில் கலந்து, சுவரில் பூசினார்கள். காற்றுப்பட்டு அந்தச் சுவர் கால்சியம் கார்பனேட்டாக இறுகியது. கோழி செய்வதும் ஏறக்குறைய இதுதான்: புரதமும் கார்பனேட்டும். வேதியியல் படிக்காத அந்தக் கைதிகளின் கைகளுக்குத் தெரிந்ததை ‘கால்சியம்’ என்ற ஒற்றைச் சொல்லில் நாம் தொலைக்க வேண்டுமா?

மதிப்பெண்ணைத் திருப்பித் தரவில்லை. ஆனால் ஓடு கரைந்த முட்டையைக் கொண்டுவந்து, குமிழ் எங்கிருந்து வந்தது என்று சொல்பவருக்கு அது உண்டு என்று அறிவித்தேன். இதுவரை 11 பேர் கொண்டுவந்துவிட்டார்கள். பன்னிரண்டாவது முட்டை பேருந்திலேயே உடைந்துவிட்டது. பால் பெட்டியைப் பற்றிக் கேட்ட மாணவிதான் அது. ஈரப் பையோடு வந்து, குமிழைப் பற்றிச் சரியாகவே சொன்னாள். மதிப்பெண் போட்டுவிட்டேன்.