டவருக்கு போலீஸ் காவல்: எங்க கருத்து



தமிழ்நாட்டுச் செய்தி ஒண்ணு நம்ம வாட்ஸ்அப் குழுக்களில் சுத்துது. கைப்பேசி டவர் போடப் போன கம்பெனியை ஊர்மக்கள் தடுத்தாங்க. கம்பெனி கோர்ட்டுக்குப் போய் போலீஸ் பாதுகாப்பு உத்தரவு வாங்கிட்டு வந்துடுச்சு. "பணக்காரனுக்குத்தான் கோர்ட்டும் போலீசும்"னு கீழே ஏகப்பட்ட பேர் எழுதியிருக்கீங்க. ஆலயத் தொண்டர்களான நாங்கள் வேறு மாதிரி நினைக்கிறோம். கோபப்படாமல் படிங்க. (கோபுரம் என்றால் நமக்கு ராஜகோபுரம்தான், அதனால டவர்னே எழுதுறோம்.)

இது ஒரு ஊர்க் கதை இல்லை. சென்னை உயர்நீதிமன்றம் இப்படிப் பல உத்தரவு போட்டிருக்கு. கேரள உயர்நீதிமன்றமும் 2006-லேயே சேமஞ்சேரி பஞ்சாயத்து வழக்கில், வெறும் பயத்தைக் காட்டி டவரைத் தடுக்க முடியாதுன்னு சொல்லிடுச்சு. இதில் கம்பெனி முதலாளியை விடுங்க. டவர் மேலே ஏறுறவன் யாரு? குத்தகைக்கு வேலை செய்யும் ஏழைப் பையன். கல்லெறிந்தால் அவன் தலையில்தான் விழும். 2020-இல் இங்கிலாந்தில் 5ஜி-யால் கொரோனா பரவுதுன்னு நம்பி டவர்களைக் கொளுத்தினாங்க, வேலையாட்களைத் திட்டி மிரட்டினாங்க. நாங்களும் தொழிற்சாலையில் ஆட்களை வைத்து வேலை வாங்குகிறவங்கதான். அந்தப் பையனுக்கு காவல் கொடுப்பது தப்பே இல்லை.

சரி, புற்றுநோய்? உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு அமைப்பு 2011-இல் இந்த அலைகளை "இருக்கலாம்" என்ற வரிசையில் வைத்தது. "இருக்கு"ன்னு சொல்லலை. இன்னொன்று, டவர் தூரமா இருந்து லைன் குறைஞ்சா, உங்க காதில் இருக்கும் போன்தான் கூடுதல் சக்தியில் வேலை செய்யும். டவரை விரட்டிட்டு போனை தலையணைக்கடியில் வைத்துத் தூங்குறோம். நிலக்கரி மின்நிலையத்தின் புகைபோக்கியைப் பார்த்தே வளர்ந்த ஊர் நம்மது. அதைப் பற்றி எத்தனை பேர் கேள்வி கேட்டோம்?

ஆனா கம்பெனிக்காரங்களுக்கும் சொல்றோம். கோர்ட்டுப் பேப்பரை மட்டும் நம்பி வராதீங்க. சுபாங் ஜெயா சீபீல்ட் மாரியம்மன் ஆலய விவகாரத்தில் 2014-லேயே கோர்ட்டில் சமரசத் தீர்ப்பு ஆச்சு. மக்கள் மனசு மட்டும் சமரசம் ஆகலை. 2018 நவம்பரில் கலவரம் வெடிச்சு, ஒரு தீயணைப்பு வீரரின் உயிரே போனது. அந்த வலி சிலாங்கூரில் இன்னும் ஆறலை. போலீஸ் கடைசிப் படியா இருக்கணும், முதல் படியா வந்தா ஊர் எதிரியாகிடும்.

முதல் படி என்ன? இந்தியாவில் 2012-லிருந்து அலை அளவு வரம்பை உலக வரம்பில் பத்தில் ஒன்றாகக் குறைச்சிருக்காங்க. 2017-இல் ஒரு இணையதளமும் திறந்தாங்க. அதில் 4,000 ரூபாய் கட்டினால் உங்க வீட்டுப் பக்கத்து டவரை அளந்து காட்டுவாங்க. இங்கே நம்ம எம்.சி.எம்.சி.யும் வரம்பு வச்சிருக்கு. அந்த அளவைக் கருவியோடு தாமானுக்கே வந்து, மக்கள் கண் முன்னாடி காட்டினா பாதிச் சண்டை அன்றைக்கே முடிஞ்சிடும்.

ஏன் இவ்வளவு எழுதுறோம்னா, எங்க கோயில் நிலத்தின் பின்மூலையிலும் டவர் வைக்க ஒரு கம்பெனி கேட்டிருக்கு. மாத வாடகை தருவாங்களாம். போன திருவிழாவில் ஒரு பாட்டி மயங்கி விழுந்தப்போ ஆம்புலன்ஸைக் கூப்பிட லைன் கிடைக்காம ரோட்டுக்கு ஓடினோம். அதனால டவர் வேணும் என்பதே எங்க எண்ணம். ஆனா நிர்வாகம் ரகசியமா கையெழுத்து போடக்கூடாது. மாநகர் மன்ற அனுமதி, அலை அளவு அறிக்கை, வாடகைப் பணம் எந்தக் கணக்கில் சேரும் என்ற விவரம், மூணையும் அறிவிப்புப் பலகையில் ஒட்டுங்க. பக்கத்து வீட்டு மலாய், சீனக் குடும்பங்களையும் கூட்டத்துக்கு அழையுங்க. நாற்காலி அடுக்க நாங்க வர்றோம்.