அந்த நாற்காலி யாருடையது?

சென்ற மாதம் சங்கக் கூட்டம் முடிந்து காபி குடித்துக்கொண்டிருந்தபோது நண்பர் ஒருவர் சொன்னார்: "ஸ்டிரைக், கொடி, கோஷம் எல்லாம் நம் நாட்டைப் பிடித்த வியாதி சார். அமெரிக்காவில் இதெல்லாம் உண்டா? அதனால்தான் அவன் அங்கே இருக்கிறான், நாம் இங்கே இருக்கிறோம்." அவருடைய பிள்ளை அங்கேதான் வேலை பார்க்கிறான். சுற்றியிருந்தவர்கள் தலையாட்டினார்கள். நான் வாயைத் திறக்கவில்லை. அதற்கு ஒரு காரணம் உண்டு; கடைசியில் சொல்கிறேன்.

முதலில் நண்பருக்குப் பதில். இரண்டாம் உலகப் போர் முடிந்த மறு ஆண்டே, 1946இல், அமெரிக்காவில் வேலைநிறுத்தம் செய்தவர்கள் ஏறத்தாழ 46 இலட்சம் பேர். போர்க்காலத்தில் வேலைநிறுத்தம் செய்வதில்லை என்று பெரிய சங்கங்கள் வாக்குக் கொடுத்திருந்தன. கூலியும் கட்டுப்பாட்டில் இருந்தது. போர் முடிந்ததும் ஓவர்டைம் போயிற்று, விலைவாசி ஏறிற்று. ஜெனரல் மோட்டார்ஸ் ஆலைகளில் மட்டும் 3 இலட்சத்துக்கும் அதிகமானோர் 113 நாட்கள் வெளியே நின்றார்கள். அவர்களை நடத்திச் சென்ற வால்டர் ராய்தர், "கூலியை 30 சதவீதம் உயர்த்துங்கள், ஆனால் கார் விலையை உயர்த்தாதீர்கள்" என்று கேட்டார். கேட்டது முழுதும் கிடைக்கவில்லை. ஆனாலும் நல்ல உயர்வு கிடைத்தது. நண்பர் மெச்சுகிற அமெரிக்கத் தொழிலாளியின் ஓய்வூதியமும் மருத்துவக் காப்பீடும் பெரும்பாலும் இப்படிப் போராடிப் பேரம் பேசி வாங்கியவையே.

முதலாளிகள் தரப்பும் சும்மா இருக்கவில்லை. 1947இல் டாஃப்ட்-ஹார்ட்லி சட்டம் வந்தது. அதிபர் ட்ரூமன் மறுத்தும் அதை மீறி அந்நாட்டுக் காங்கிரஸ் நிறைவேற்றியது. தகராறு உள்ள நிறுவனத்தின் சரக்கை விற்கும் வேறொரு கடையைப் பகிஷ்கரிக்கச் சொல்வது, அந்தச் சட்டப்படி சங்கங்களுக்குத் தடைசெய்யப்பட்டது.

இந்த வரலாற்றில் என் மனத்தைத் தொட்டது கலிபோர்னியாவின் டெலானோ என்ற ஊர். அங்கே திராட்சைத் தோட்டங்களில் பிலிப்பினோக்களும் மெக்சிகோ வம்சாவழியினரும் வேலை செய்தார்கள். மொழி வேறு, தங்கும் இடம் வேறு. ஒரு கூட்டத்தார் வேலையை நிறுத்தினால் மற்றவரைக் கொண்டுவந்து பறிக்க விடுவது தோட்டக்காரர்களின் பழைய தந்திரம். பிலிப்பினோக்களில் பலர் 1920களிலும் 30களிலும் இளைஞர்களாக வந்தவர்கள். வெள்ளைக்காரப் பெண்ணை மணக்க அந்த மாநிலச் சட்டம் வெகுகாலம் அனுமதிக்காததால் பிரம்மச்சாரிகளாகவே கிழவர்களானார்கள்.

1965 செப்டம்பர் 8 அன்று, மணிக்கு 1.40 டாலர் கேட்டு லாரி இட்லியோங் தலைமையில் அவர்கள் வேலையை நிறுத்தினார்கள். அடுத்த வீட்டுச் சண்டை என்று மெக்சிகோக்காரர்கள் இருந்திருக்கலாம். அவர்கள் தலைவர் சீசர் சாவேஸுக்கும் தம் சங்கம் இன்னும் தயாராகவில்லை என்ற தயக்கம் இருந்தது. இருந்தும் எட்டே நாளில் கூடி, சேர்ந்து நிற்பதென்று முடிவு செய்தார்கள். மறு ஆண்டு இரு சங்கங்களும் ஒன்றாயின.

இங்கே ஒரு விசித்திரம். 1935இன் தொழிற்சங்கச் சட்டம் விவசாயக் கூலிகளை ஒதுக்கி வைத்திருந்தது. அந்த ஒதுக்கலே அவர்களுக்கு வசதியாயிற்று. டாஃப்ட்-ஹார்ட்லியின் பகிஷ்காரத் தடையும் அவர்களைக் கட்டவில்லை! ஊர் ஊராகச் சென்று கடை வாசலில் நின்று, "திராட்சை வாங்காதீர்கள்" என்று கேட்டுக்கொண்டார்கள். 1968இல், போராட்டம் வன்முறைக்குத் திரும்பிவிடக்கூடாதென்று சாவேஸ் 25 நாள் உண்ணாவிரதம் இருந்தார். நம் காந்தியிடம் கற்றது அது. ஐந்தாண்டுக்குப் பின், 1970 ஜூலையில், தோட்ட முதலாளிகள் ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார்கள்.

கதை அத்தோடு சுபமாக முடியவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். பிலிப்பினோக்களுக்கு உரிய இடமில்லை என்ற மனக்குறையோடு இட்லியோங் 1971இல் விலகினார். அதே சங்கம் 1974இல், அனுமதியின்றி எல்லை தாண்டி வந்த ஏழைகளைக் கருங்காலிகள் என்று அரசிடம் பிடித்துக்கொடுக்கவும் முனைந்தது. ஒன்றுசேர்வதன் பலத்தை அறிந்தவர்களே அடுத்து வந்தவனிடம் அதை மறந்தார்கள்.

1981 ஆகஸ்டில் விமானப் போக்குவரத்துக் கட்டுப்பாட்டாளர்கள் வேலையை நிறுத்தியபோது, அதிபர் ரீகன் 11,000க்கும் அதிகமானோரை வேலையிலிருந்து நீக்கினார். அரசு ஊழியர் வேலைநிறுத்தம் சட்டப்படி குற்றம் என்பது உண்மைதான். ஆனால் தனியார் முதலாளிகளுக்கும் துணிச்சல் வந்தது. நிற்பவர் இடத்தில் நிரந்தரமாகவே வேறு ஆளை வைப்பது பெருகிற்று. ஆயிரம் பேருக்கு மேல் பங்கேற்ற வேலைநிறுத்தங்கள் அங்கே 1952இல் 470. 2009இல் வெறும் 5. வியாதி குணமாகிவிட்டதா, நோயாளிக்கு வாய் அடைத்துவிட்டதா என்பதை நண்பரே சொல்லட்டும்.

எல்லா வேலைநிறுத்தமும் நியாயமானது என்று நான் வாதாடவில்லை. வெளியூரிலிருந்து பிழைக்க வந்தவனின் பசியைக் கொண்டே உள்ளே இருப்பவனின் வயிற்றில் அடிக்க முடியும் என்பதை நாம் அறிந்திருக்க வேண்டும் என்பதே என் கட்சி.

இனி அந்தக் காரணம். 1980களின் தொடக்கத்தில் ஒரு தகரப் பெட்டியோடு தாதரில் வந்து இறங்கினேன். மூன்றாம் வாரமே ஒரு கம்பெனியில் வேலை. முதல் நாள் வாசலில் கூட்டத்தைப் பார்த்த பிறகுதான், நிற்பவர்களின் இடத்துக்கு எங்களை எடுத்திருப்பது புரிந்தது. அவர்களில் ஒரு திருநெல்வேலிக்காரர் என் பேச்சிலேயே ஊரைக் கண்டுகொண்டு, "நீயுமா தம்பி?" என்று மட்டும் கேட்டார். கருங்காலி என்று திட்டியிருந்தால் இந்நேரம் மறந்திருப்பேன். ஊரில் கல்யாணத்துக்கு இரண்டு தங்கைகள்; உள்ளே போய் உட்கார்ந்தேன். அந்தச் சம்பளத்தில்தான் இருவர் கல்யாணமும் நடந்தது. அவரை அப்புறம் நான் பார்க்கவில்லை.

நம் பிள்ளைகள் இன்று புனே, பெங்களூர், கலிபோர்னியா என்று போகிறார்கள். எங்கே போனாலும், உட்காரும் முன் அந்த நாற்காலி ஏன் காலியாயிற்று என்று ஒரு வார்த்தை விசாரிக்கச் சொல்லிக் கொடுப்போம். நான் விசாரிக்கவில்லை.