அடித்தவர் யார்?

கணினி முழவு வாசிக்கத் தொடங்கிய அன்றே கலைஞனின் கை செத்துவிட்டது என்று அங்கலாய்ப்பது இசை ரசனைக்கு அடையாளமாகிவிட்டது. இப்புலம்பலில் எனக்கு உடன்பாடில்லை. செத்தது கையன்று, பெயர்.

எல்எம்-4 என்னும் பழைய டிரம் சாம்ப்ளர் மென்பொருளை எடுத்துக்கொள்வோம். ஸ்டைன்பெர்க் நிறுவனம் 1996இல் அறிமுகப்படுத்திய விஎஸ்டி முறையின் இரண்டாம் பதிப்பு 1999இல் வந்தது. விசைப்பலகையின் மிடி கட்டளைகளை மென்பொருள் வாத்தியங்களுக்குச் செலுத்த அது வழி திறந்தது. அவ்வழியே வந்த முதல் தலைமுறையைச் சேர்ந்தது எல்எம்-4. திரையில் சில கட்டங்கள், ஒவ்வொன்றுக்குள்ளும் ஒலிப்பதிவுகள். விசையை மெல்லத் தொட்டால் மெல்ல அடித்த பதிவு ஒலிக்கும். ஓங்கித் தட்டினால் ஓங்கி அடித்த பதிவு. கருவி எதையும் அடிப்பதில்லை. ஒலிப்பதிவுக் கூடத்தில் எவரோ அடித்ததை நினைவில் வைத்திருந்து திருப்பித் தருகிறது. ரோஜர் லின் 1980இல் வெளியிட்ட எல்எம்-1 என்ற தாள இயந்திரத்திலேயே உண்மையான முழவொலியின் பதிவுகள்தாம் இருந்தன. ஆக, கை உள்ளேதான் இருக்கிறது. யாருடைய கை என்பதுதான் பல தொகுப்புகளில் இல்லை.

"ஓர் அடியில் என்ன படைப்பு இருக்கிறது? யார் அடித்தாலும் அடிதானே?" என்பார் உளர். அவர்களுக்கு ஒரு வரலாறு. வின்ஸ்டன்ஸ் என்ற அமெரிக்கக் குழு 1969இல் 'ஆமென், பிரதர்' என்ற இசைக்கோவையை இசைத்தட்டின் மறுபக்கத்தில் வெளியிட்டது. அதன் நடுவே கிரிகரி கோல்மன் தனித்து வாசித்தது ஏறத்தாழ 6 நொடி. சாம்ப்ளர்கள் அத்துணுக்கை வெட்டின, வேகம் கூட்டின, கலைத்து அடுக்கின. ஹிப்-ஹாப்பிலும் 1990களின் ஜங்கிள் இசையிலும் ஆயிரக்கணக்கான பாடல்கள் அதன்மேல் எழுந்தன. யார் அடித்தாலும் ஒன்றே என்றால், அந்த 6 நொடியை ஏன் தேடித் தேடி எடுத்தார்கள்?

கோல்மன் 2006இல் வீடற்றவராக இறந்தார். அந்தத் துணுக்குக்காக அவருக்கு உரிமைத்தொகை எதுவும் வந்ததில்லை. குழுத் தலைவர் ரிச்சர்ட் ஸ்பென்சருக்கு 2015இல் சுமார் 24,000 பவுண்டு கிடைத்தது. அதுவும் இசையன்பர்கள் திரட்டிய நன்கொடை. உரிமையாக வரவேண்டியது கொடையாக வந்ததைக் கொண்டாடுவதற்கில்லை.

கூடத்தில் அடித்தவருக்கு அன்றே கூலி கொடுத்தாயிற்றே என்பது அடுத்த சமாதானம். இருக்கட்டும். கூலி கொடுத்தால் பெயரை அழிக்கும் உரிமையும் சேர்ந்து வந்துவிடுமா? புகழ்பெற்றவர் வாசித்திருந்தால் மட்டும் அட்டையில் பெரிதாகப் பொறிக்கிறார்களே, பெயருக்கு மதிப்பில்லை என்றா பொறிக்கிறார்கள்?

குறுந்தொகையில் பெயர் தெரியாத புலவரை அவருடைய சொல்லாலேயே செம்புலப்பெயனீரார் என்று வழங்கினார்கள். இழந்த பெயருக்கு ஈடாக ஒரு பெயரைத் தந்த பண்பாடு அது. இவர்களோ தெரிந்த பெயரையே விட்டுவிடுகிறார்கள். கட்டத்தின்மேல் 'கிக் 01', 'ஸ்னேர் 02' என்று எழுத இடமிருக்கிறது. அதனருகே ஒரு மனிதனின் பெயரை எழுத மட்டும் இடமில்லையா?